பிடுங்கிய சிகரெட்

திருச்சியில் இரயில்வேயில் வரைபட எழுத்தராயிருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905இல் பிரெஞ்சுக்காரர் ஒருவரிடம் கருவியும் படச்சுருளும் வாங்கி, ஊர் ஊராய்க் கூடாரமடித்து ஊமைப்படம் காட்டினார். பேச்சில்லாப் படத்துக்கு மொழி வேலியேது? துறையூரிலிருந்து நாமும் இன்று ஜெர்மன் ஊமைப்படம் கண்டு சிரிக்கிறோம்.

எர்ன்ஸ்ட் லூபிட்ஷ் 1918இல் எடுத்த 'நான் ஆணாக விரும்பவில்லை', முக்கால் மணி நேர நகைச்சுவை. ஓஸ்ஸி ஓஸ்வால்டா நடித்த இளம்பெண் சிகரெட் பிடிக்கிறாள், சீட்டாடுகிறாள். பெண்ணுக்கு இது தகுமா என்று சீறிச் சிகரெட்டைப் பிடுங்குகிறாள், வீட்டில் அமர்த்திய ஆசிரியை. அடுத்த நொடி? அதே சிகரெட் ஆசிரியையின் உதட்டில்! ஒழுக்கம் போதிப்போரின் யோக்கியதையை உரித்துக் காட்ட நம் மேடைகளில் எத்தனை மணி நேரப் பேச்சு தேவைப்படுகிறது! (நாமும் வகுப்பில் நீதிபோதனை நடத்துவோர்தாம், சிரிப்பு நம்மீதும் சிறிது தெறித்தது.)

பிறகு ஆணுடை அணிந்து நடனக்கூடம் புகுகிறாள். நெரிசலில் இடிபடுகிறாள், சுருட்டு குமட்டுகிறது. முடிவில், தன்னை அடக்க வந்த காப்பாளரையே காதலித்து, ஆண் வாழ்வு வேண்டாமென்கிறாள்.

இங்கேதான் நாம் மாறுபடுகிறோம். ஆணாக வேண்டுமென்றா அவள் ஏங்கினாள்? விரும்பியபோது வெளியே செல்லும் உரிமைக்கன்றோ ஏங்கினாள்! உடையை மாற்றிய லூபிட்ஷ், கேள்வியையும் மாற்றிவிட்டார். அதே 1918 நவம்பர் 12இல் ஜெர்மன் பெண்களுக்கு வாக்குரிமை அறிவிக்கப்பட்டது. 1919 சனவரி 19இல் அவர்கள் வாக்களித்தனர், பெண்ணுடையிலேயே சென்று.