உண்டாட்டும் ஊக்கமாத்திரையும்

போரில் வீரர்க்கு ஊக்கமருந்து, அதாவது நரம்பு மண்டலத்தைத் தூண்டி உறக்கத்தையும் பசியையும் தள்ளிப்போடும் ஆம்பெட்டமின் வகை மருந்து, வழங்கப்படுவதை நியாயப்படுத்துவோர், கொல்லிமலையை ஆண்ட வல்வில் ஓரியின் காலத்திலேயே மறவர் கள்ளுண்டு களம் கண்டனர், அதன் இடத்தை இன்று மாத்திரை பிடித்துக்கொண்டது, அவ்வளவே என்கின்றனர். இவ்வொப்பீடு சங்க நூல்களுக்கும் பொருந்தவில்லை, மருந்தின் இயல்புக்கும் பொருந்தவில்லை.

தொல்காப்பியம் வெட்சித் திணையில் வைக்கும் உண்டாட்டு, ஆநிரை கவர்ந்து மீண்ட மறவர் கள்ளுண்டு களிப்பது. வினை முடிந்தபின் நிகழ்வது. களம் புகுமுன் வேந்தன் கள் வழங்கியதும் உண்டுதான். ஆயினும் ஆலியார் பாடிய புறநானூற்று 298ஆம் பாடலில், தனக்குக் கலங்கிய கள்ளும் வேந்தனுக்குத் தெளிந்த தேறலும் என்றிருந்த பங்கீட்டை நினைவூட்டி, இப்போது தன்னை முன்னே ஏவாத வேந்தனைக் குறைகூற மறவனுக்கு நா இருக்கிறது. கள் அறிவை மயக்கும். களைத்த உடல் சாய்வதை அது தடுப்பதில்லை.

நெடுந்தொலைவு பறக்கும் விமானி இருக்கையிலேயே கண்ணயர்ந்தால் உயிர்போகும் என்பதும், குறுகிய நேரத்துக்கு இம்மருந்து விழிப்பைக் கூட்டும் என்பதும் மறுக்கத்தக்கன அல்ல.

ஆனால் களைப்பு என்பது நோயன்று. மேலிடத்து ஆணைக்கு உடல் இடும் கடைசி வரம்பு அதுவே. நாவால் மறுக்க உரிமையற்ற படைவீரனுக்காக உடல் மறுக்கிறது. அந்த மறுப்பையும் பறிப்பதே மாத்திரையின் வேலை. 1940இல் பிரான்சுப் படையெடுப்பை ஒட்டிய சில மாதங்களில் ஜெர்மானியப் படைகளுக்கு 3.5 கோடிக்கு மேற்பட்ட பெர்விட்டின் முதலிய மெத்தாம்பெட்டமின் மாத்திரைகள் அனுப்பப்பட்டன. படை நிற்காமல் நகர்ந்ததைப் புகழ்வோர், 1941இல் அதே அரசு அம்மருந்தை அபினிச் சட்டத்தின் கீழ்க் கொண்டுவந்ததைச் சொல்வதில்லை. ஓய்வு கொடுக்க வேண்டிய கடமையிலிருந்து தளபதியை விடுவிக்கும் மருந்து, வீரனுக்கான மருத்துவம் ஆகாது. அமெரிக்க வான்படை விமானிகளிடம் ஒப்புதல் கையொப்பம் வாங்கியதே என்பர். மாத்திரையை மறுப்பவர் பறக்கும் பணியிலிருந்து நிறுத்தப்படலாம் என்றும் அதே படிவம் கூறியது.

லாரித் தொழிலுக்குப் பேர்பெற்ற நாமக்கல், சங்ககிரிப் பகுதியில் களைப்பை வரம்பாக மதிப்பதற்கும் அவ்வரம்பை மருந்தால் பறிப்பதற்கும் உள்ள வேறுபாட்டைப் புரிந்துகொள்வது எளிது. மோட்டார் போக்குவரத்துத் தொழிலாளர் சட்டம், 1961, ஓட்டுநரின் வேலையைப் பொதுவிதியாக நாளுக்கு 8 மணி, வாரத்துக்கு 48 மணி என வரையறுத்தது. நடைமுறையில் எவ்வளவு மீறப்பட்டாலும், அங்கே உறக்கத்தைக் கெடுப்பது சட்டமீறல். போர்க்களத்தில் உறக்கத்தைக் கெடுக்கும் மருந்து மருத்துவர் கையாலேயே வழங்கப்படுகிறது.