ஒப்பனை அறைச் சன்னல்

அர்ஜென்டினாவில் 1953இல் ரோமான் வின்யோலி பார்ரேத்தோ எடுத்த ‘எல் வம்பீரோ நேக்ரோ’ (கறுப்பு இரத்தக்காட்டேரி) படத்தில் ஒரு சின்னச் சன்னல் வருகிறது. காபரே பாடகி அமாலியாவின் ஒப்பனை அறைச் சன்னல். அதன் வழியே பார்க்கிறாள்: ஒருவன் சிறுமியின் உடலைச் சாக்கடைக்குள் தள்ளுகிறான். வீறிட்டு அலறுகிறாள். விசாரணையிலோ, எதையும் பார்க்கவில்லை என்கிறாள். அவளுக்கும் ஒரு மகள் இருக்கிறாள். தாயின் தொழில் வெளியே தெரிந்தால் அந்தக் குழந்தையின் கதி என்ன?

ஃபிரிட்ஸ் லாங்கின் ‘எம்’ (1931) படத்தின் கதைதான் இதற்கும் வேர். ஆனால் அங்கே இப்படி ஒரு பெண் கிடையாது. சாட்சியை மேடைப் பாடகியாக்கியதில்தான் இந்தப் படம் தனக்கென்று ஓர் உயிரைப் பெற்றது. அமாலியாவாக வரும் ஓல்கா சுபர்ரி அந்தத் தாயின் பயத்தைக் கண்ணிலேயே வைத்து நடித்திருக்கிறார். விசாரிக்கும் அரசு வழக்கறிஞரே அவள்மேல் ஆசைப்படுகிறார் என்பது கதையை இன்னும் கசப்பாக்குகிறது.

ஸ்பானிய மொழியின் கேளிக்கை உலகக் கொலைப்படங்களைப் பொதுவாக மூன்று ஊர்களின் பெயரில் பிரிக்கலாம். மேலே கண்ட படம் சேர்ந்த புவெனஸ் ஐரிஸ் பள்ளிக்கு நிழலே மூலதனம். குற்றவாளியின் மனத்துக்குள் இறங்கிப் பார்ப்பதில் அதற்குத் தயக்கமே இல்லை.

மெக்சிகோ நகரப் பள்ளியில் ஆட்டமும் பாட்டும் கதையின் எலும்பாகவே இருக்கும். எமிலியோ ஃபெர்னாண்டஸின் ‘சலோன் மெஹிக்கோ’வை (1949) எடுத்துக்கொள்ளுங்கள். தான்சோன் நடனப் போட்டியில் நாயகி மெர்சேதஸ் ஜோடியாக ஆடி வெல்கிறாள். பரிசுப் பணத்தை ஜோடிக்காரன் பாக்கோ சுருட்டிக்கொள்கிறான். தங்கையின் விடுதிப் பள்ளிக் கட்டணம் அவள் கண்முன் நிற்கிறது. அவன் தூங்கும் நேரம் பார்த்து அந்தப் பணத்தை எடுக்கிறாள். பின்னால் சிந்தும் இரத்தம் முழுவதும் அந்த ஓர் ஆட்டத்தின் கணக்குதான். மார்கா லோபஸின் நடிப்பையும் காப்ரியேல் ஃபிகெரோவாவின் ஒளிப்பதிவையும் எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுத்ததில்லை.

பார்சிலோனாவின் நிலை வேறு. ஃபிராங்கோ ஆட்சித் தணிக்கையில் காவல்துறை களங்கமில்லாமல் நிற்க வேண்டியிருந்தது. 1950இல் வந்த ‘பிரிகாதா கிரிமினால்’, ‘அபார்த்தாதோ தெ கோர்ரேயோஸ் 1001’ இரண்டிலும் துப்பறிவோரே நாயகர்கள். ஆயினும் இரண்டாவது படத்தின் உச்சக்கட்டத் துரத்தல், நாடகக் கொட்டகைகளுக்குப் பேர்போன பாரலேலோ சாலையின் கேளிக்கைப் பூங்காவுக்குள் ஓடுகிறது. தணிக்கைக்குக் கட்டுப்பட்ட கதை அங்கே போனதும் வேடிக்கையான உயிர் பெறுகிறது.

இவற்றின் தரத்தை எதைக் கொண்டு அளப்பது? கொன்றது யார் என்ற புதிரை நான் அளவுகோலாகக் கொள்வதில்லை; மேலே சொன்ன வின்யோலி படத்தில் கொலைகாரன் யார் என்பது பெரிய மறைபொருளே அல்ல. நான் கேட்பது ஒன்றுதான். மேடையைக் கதையிலிருந்து எடுத்துவிட்டால் குற்றம் அப்படியே நிற்கிறதா? நின்றால், அந்தப் பாட்டும் ஆட்டமும் வெறும் ஒட்டுவேலை. அமாலியாவைத் தையற்காரியாக்கிப் பாருங்கள். அவள் உண்மையைச் சொல்ல முதல் நாளே காவல் நிலையம் போயிருப்பாள்.