குற்றவுணர்வின் இலக்கியம்: சொத் பொலின் பற்றிய ஒரு மறுநோக்கு

கம்போடியாவின் நவீன புனைகதையை வர்க்க நிலைநின்று ஆராய முற்படுவோர்க்குச் சொத் பொலின் சங்கடந்தரும் ஓர் எழுத்தாளராவார். அவர் தேசியவாதி, பொதுவுடைமை எதிர்ப்பாளர், அவரது தொடக்ககால நாவல்கள் நம்பிக்கை வறட்சியையே உரத்துப் பேசுவன. 'நசிவிலக்கியம்' என்ற ஒரு சொல்லால் அவரை ஒதுக்கிவிடுதல் எளிது. அது நியாயமாகுமா என்பதே இங்கு எழும் வினா.

1943 இல் கொம்பொங் சாம் மாகாணத்திற் பிறந்த சொத் பொலின், தாய்வழியிற் கவிஞர் நூ கானின் மரபினர். கெமர், பிரெஞ்சு ஆகிய இரு மொழிகளிலும் பயிற்சி பெற்றவர். அவருக்கு முந்திய கெமர் நாவல், காதலையும் அதனைச் சிதைக்கும் பணத்தையும் பெற்றோர் அதிகாரத்தையும் பொருளாகக் கொண்டிருந்தது. நூ ஹாச்சின் 'வாடிய மலர்' இதற்குத் தக்க சான்று. 1965 இல் வெளிவந்த சொத் பொலினின் 'பொருளற்ற வாழ்க்கை' இம்மரபினின்றும் விலகியது. நீட்ஷே, புரொய்ட், சார்த்தர் ஆகியோரின் செல்வாக்கு அதிற் புலப்படும்.

எனினும் இதனை வெறும் மேனாட்டு இரவல் எனக் கொள்வது தவறு. 1953 இல் விடுதலை பெற்ற கம்போடியாவிற் சிஹானூக் ஆட்சி கல்வியை விரைந்து பெருக்கியது. கற்றோர்க்கேற்ற தொழில்கள் அவ்வாறு பெருகவில்லை. கிராமத்தினின்றும் பிரிந்து, நகரத்திலும் இடம்பெறாத ஆய்வறிவாளர் குழாமொன்று தோன்றிற்று. இவ்விளைஞர் தம் வாழ்க்கையின் வெறுமையை அந்நாவலில் இனங்கண்டனர். அதன் பெருவெற்றிக்குரிய சமூக அடிப்படை இதுவே எனலாம்.

அறுபதுகளின் பிற்பகுதியில் அவர் 'நொக்கோர் தொம்' என்ற பத்திரிகையைத் தொடங்கினார். 1970 மார்ச்சில் சிஹானூக் கவிழ்க்கப்பட்டபின் லொன் நொல் ஆட்சியை ஆதரித்தார்; பின்னர் அதனின்றும் விலகினார். உள்நாட்டுப் போரும் 1973 ஆகஸ்ட் வரை நீடித்த அமெரிக்கக் குண்டுவீச்சும் நாட்டுப்புறத்தை அழித்தன. 1974 இல் அவருடைய நண்பரான கல்வியமைச்சர் கொல்லப்பட, அவர் பிரான்சிற் புகலடைந்து பாரிஸில் வாடகைக்கார் ஓட்டினார். 1975 ஏப்ரல் 17 இல் புனோம்பென் வீழ்ந்தது. ஓராண்டுக்கும் குறைந்த இந்த இடைவெளியே அவரை உயிர்பிழைக்க வைத்தது. அதுவே அவரது பிற்கால எழுத்தின் ஆறாப் புண்ணாகவும் அமைந்தது.

1980 இல் பிரெஞ்சு மொழியில் வெளிவந்த 'அராஜகவாதி' இதனை உணர்த்தும். அதன் முற்பகுதி அவர் அறுபதுகளிற் கெமர் மொழியில் எழுதியதன் பிரெஞ்சு வடிவம். பிற்பகுதியில், முன்னாட் பத்திரிகையாளனான வாடகைக்கார் ஓட்டுநன், விபத்தில் மாண்ட ஆங்கிலேயப் பெண்ணொருத்தியின் சடலத்திடம் தன் பாவங்களை எடுத்துரைக்கிறான். தாய்மொழி வாசகர் மடிந்தும் சிதறியும் போன நிலையில், புலம்பெயர் எழுத்தாளனுக்கு எஞ்சியது அந்நிய மொழியும் செவிமடுக்கவியலாத ஒரு பிணமும் மட்டுமே. இவ்வுருவம் அவனது வரலாற்று நிலையிலிருந்தே பிறந்தது.

இந்நாவலின் குறைபாடும் தெளிவானதே. நாட்டின் அழிவைத் தன் பேனாவின் குற்றமாகக் காண்பவன், ஏகாதிபத்தியப் போரையும் விவசாயிகளின் வறுமையையும் மறந்துவிடுகிறான். 'நானே அழித்தேன்' என்னும் கூற்றிற் குட்டிபூர்ஷ்வாவின் இறுதித் தற்பெருமையும் ஒளிந்துள்ளது.

ஆயினும் இக்குறையைச் சுட்டுமுன் முற்போக்கு விமர்சகர் தம்மையே வினவுதல் வேண்டும். சொத் பொலினின் தலைமுறையினரான குன் ஸ்ருன் எதிர்த்திசையிற் சென்றவர்; 1973 இற் கெமர் ரூஜ் அணியிற் சேர்ந்தவர். 1978 இல் அவ்வணியினராலேயே அவர் கொல்லப்பட்டார். 1975க்கும் 1979க்கும் இடையில் மாண்டோர் 15 முதல் 20 இலட்சம் வரையினர் என மதிப்பிடப்படுகின்றது. அவ்வழிவு மார்க்சியத்தின் பெயராலேயே நிகழ்த்தப்பட்டது. ஏடுகளில் 'நசிவு' எனத் தீர்ப்பெழுதிய நாம், அத்தகைய தீர்ப்பு கொலைக்களத்தில் நிறைவேற்றப்பட்டபோது போதியளவு பேசினோமா?

சொத் பொலினின் அரசியலை ஏற்கவேண்டியதில்லை. ஆனால் தன் எழுத்தின் விளைவுகளுக்குத் தானே பொறுப்பேற்கும் துணிவு அவரிடமிருந்து நாம் கற்கவேண்டியது. தற்சோதனையை மறந்த விமர்சனம் மார்க்சிய விமர்சனம் ஆகாது.