உடைத்த பிறகும் நிற்கும் சமாதி

2025 ஜனவரியில், கேரளத்தில் தமிழக எல்லைப் பக்கமாக உள்ள நெய்யாற்றின்கரை அருகே ஒரு வீட்டில், தகப்பனார் சமாதியடைந்துவிட்டதாகப் பிள்ளைகளே சுவரொட்டி ஒட்டினார்கள். அக்கம்பக்கத்தாருக்குச் சொல்லாமல் அவரைக் கான்கிரீட் அறைக்குள் உட்காரவைத்து மூடியிருந்தார்கள். ஊரார் சந்தேகப்பட்டார்கள், 16-ம் தேதி போலீஸ் காவலோடு அறையை மூடிய பலகை பெயர்க்கப்பட்டது. பிரேதப் பரிசோதனைக்குப் போன உடல் திரும்பி வந்ததும் மறுபடி சமாதி வைத்தார்கள். உடைத்துப் பார்த்தும் பிள்ளைகளின் நம்பிக்கை அசையவில்லை.

இயந்திர அறிவையும் மூடநம்பிக்கையையும் சேர்த்துப் பின்னும் நம் அறிவியல் புனைகதைகளை அந்தப் பலகையின் முன் நிறுத்தி, நம்பிக்கையை நேர்மையாகக் காட்டுகின்றனவா என்று பார்க்கத் தோன்றுகிறது.

எழுத்தாளர் சுஜாதா தேறுகிறார். 1980-களில் வந்த ‘என் இனிய இயந்திரா’வில் நாடே பணியும் ஜீவா, கடைசியில் வெறும் ஹோலோகிராம் பிம்பம். குட்டு உடைந்ததும் சனங்கள் தெளிந்துவிட்டார்கள் என்று அவர் எழுதவில்லை. அதன் தொடர்ச்சியான ‘மீண்டும் ஜீனோ’வில் நாயகி நிலா ராணியாக இருக்கிறாள், அவளை ஆட்டும் கயிறு வேறு கைகளில். யாரையாவது கும்பிட்டே ஆகவேண்டும் என்ற மனித ஏக்கத்தை அவர் நேராகப் பார்த்தார். ஆட்கள் மயங்கிக் கிடக்க, யோசிக்கிற வேலையைச் செய்வது ஜீனோ என்ற இயந்திர நாய். 2019-ல் வந்த மலையாளப் படமான ‘ஆண்ட்ராய்டு குஞ்ஞப்பன்’ இன்னும் மென்மை: வேலைக்கு வந்த ரோபோவுக்குத் துணி உடுத்தி மகனாகவே வரித்துக்கொள்கிறார் ஒரு முதியவர். அந்த நம்பிக்கையின் வேர் தனிமை.

‘எந்திரன்’ (2010) சறுக்குவது வேறிடத்தில். சிட்டி என்ற ரோபோவுக்கு உணர்ச்சி வருவது மின்னல் தாக்கியதால். ‘2.0’ (2018) இறந்தவரின் ஆவியை ‘ஆரா’ என்று பெயர் மாற்றி விஞ்ஞானி வாயாலேயே விளக்குகிறது. பாத்திரங்கள் நம்புவது வேறு, படமே நம்புவது வேறு. பேயைப் பேய் என்று காட்டும் படம் யாரையும் ஏமாற்றுவதில்லை. அதற்கு ஆய்வகக் கோட்டு மாட்டிவிடுவது ஏமாற்று. கணினி சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று நம்பி, கைப்பேசியிடம் ஜாதகம் கேட்கிற இந்தக் காலத்தில் அதைச் சினிமா வசதி என்று என்னால் தள்ளிவிட முடியவில்லை.

தமிழும் மலையாளமும் ஒரே வீட்டில் புழங்கும் எல்லைக் கிராமத்து இளைஞர்களே, அந்தச் சமாதி வீட்டை வைத்து ஓர் இயந்திரக் கதை எழுதுங்கள். பிள்ளைகளின் பக்தியையும் ஊராரின் சந்தேகத்தையும் கேலி இல்லாமல் எழுதுங்கள். மின்னல் மட்டும் வேண்டாம்.