கம்பனின் மூன்று மந்திராலோசனைகள்: ஒருமித்த முடிவு பற்றிய சில சிந்தனைகள்

பழந்தமிழகத்தில் மக்களாட்சி நிலவியதென நிறுவ விழைவோர் வழக்கமாக இரு வகைச் சான்றுகளை முன்வைப்பர். உத்தரமேரூர்க் கல்வெட்டுகள் ஒன்று. இலக்கியங்களில் வரும் அவை, மன்றம், ஐம்பெருங்குழு, எண்பேராயம் முதலியன பற்றிய குறிப்புகள் மற்றொன்று. இவர்களை மறுப்போர், அவைகளிற் கூடியோர் நிலவுடைமையாளரே எனக் கூறி விடயத்தை முடித்துவிடுவர். முதற் சாராரின் கூற்றிற் பெருமிதம் மிகுதி. இரண்டாஞ் சாராரின் கூற்றில் உண்மை மிகுதியெனினும் அவசரமும் மிகுதி. (நாமும் மார்க்ஸிய நோக்கிலேயே எழுதுகின்றோம், ஆதலின் இவ்வவசரம் எம்மவருடையது என்பதை ஒப்புக்கொள்ளவே வேண்டும்.) இரு சாராரும் கேளாத வினா ஒன்றுண்டு. ஓரிடத்திற் கூடிய பலரது கருத்துகள் ஒரே முடிவாக மாறியது எவ்வாறு? மாறாது எஞ்சிய கருத்துக்கு அங்கு என்ன நேர்ந்தது?

அறநூல்கள் இவ்வினாவுக்கு அதிகம் உதவுவதில்லை. திருக்குறள் அவையறிதல், அவையஞ்சாமை என இரு அதிகாரங்களை வகுத்துள்ளது. ஆயின் அவை இரண்டும் அவையின்முன் பேச எழுபவனை நோக்கியவை. அவன் எதைக் கற்றிருத்தல் வேண்டும், யார்முன் பேசலாம், யார்முன் வாய்திறத்தல் ஆகாது என்பனவே அங்குப் பொருள். பேச்சு முடிந்தபின் அவை என்ன செய்தது என்பது வள்ளுவரின் அக்கறைக்கு உட்படவில்லை. அதனை அறிய நாம் கதை கூறும் நூல்களையே நாடவேண்டியுள்ளது. அவற்றுள் கம்பராமாயணம் தனித்து நிற்கின்றது. அயோத்தியில் ஒன்று, இலங்கையில் ஒன்று, கடற்கரையில் ஒன்று என மூன்று மந்திராலோசனைகளைக் கம்பர் விரிவாகப் பாடியுள்ளார். கம்பரது காலம் ஒன்பதாம் நூற்றாண்டா, பன்னிரண்டாம் நூற்றாண்டா என்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடுண்டு. பிந்தியதே பொருத்தமானதென்பது எமது கருத்து. எவ்வாறாயினும் அவர் சோழர் ஆட்சிச் சூழலிற் பாடியவர். கதை வடநாட்டதாயினும், அவையிற் பேசுவோரின் தோரணையும் தயக்கமும் அவர் அறிந்த உலகத்தினவாகவே இருத்தல் இயல்பு.

முதலாவது, அயோத்தியா காண்டத்து மந்திரப் படலம். தசரதன் முதுமையெய்திவிட்டான், முடியை இராமனுக்குச் சூட்டித் தான் தவம் மேற்கொள்ள விரும்புகின்றான். அமைச்சரை அழைக்கின்றான். அவ்வமைச்சர் தொகை அறுபதினாயிரம் எனினும், அரசனுக்கு உறுதி பயப்பதைத் தேர்வதில் அவர்களது உணர்வு ஒன்றே என்று கம்பர் அறிமுகஞ் செய்கின்றார். மன்னன் வெகுண்ட வேளையிலும் நீதியை விடாது எடுத்துரைப்போர் என்றும் புகழ்கின்றார். இவ்விரு புகழுரைகளும் ஒன்றோடொன்று முரண்படுவதைக் கற்போர் அவதானித்தல் வேண்டும். அறுபதினாயிரவருக்கும் உணர்வு ஒன்றேயெனில், வெகுளியைத் தாங்கி நின்று மாற்றுரை கூறவேண்டிய தேவை எப்போது எழும்? அன்று அது எழவேயில்லை. வசிட்டர் அவையோரின் உள்ளக்கிடக்கையை உணர்ந்து உடன்பாடு கூறுகின்றார். சுமந்திரன் மகிழ்வையும் பிரிவுத்துயரையும் சேர்த்துரைக்கின்றான். பின்னர் மன்னர்களும் இசைகின்றனர். மாற்றுக் குரல் ஒன்றேனும் இல்லாத முடிவு அது.

அம்முடிவு ஓரிரவுகூட நிலைக்கவில்லை. அந்தப்புரத்தின் ஓர் அறையில் இரு வரங்களால் அது தகர்க்கப்படுகின்றது. மந்தரையின் சூழ்ச்சி, கைகேயியின் மனமாற்றம், விதி என இதற்கு உரைகாரரும் பட்டிமண்டபத்தாரும் பல விளக்கங்கள் தந்துள்ளனர். எமக்குத் தோன்றும் விளக்கம் எளியது. முடிவினால் நேரடியாகப் பாதிக்கப்படக்கூடியோர் எவரும் அந்த அவையில் இருக்கவில்லை. பரதன் கேகய நாட்டில் இருந்தான். கைகேயி பெண், அவளை அழைத்தல் வழக்கமில்லை. மந்தரையோ அடிமைப் பெண். அறுபதினாயிரவரின் ஒருமித்த குரல், இம்மூவரையும் நீக்கியபின் எஞ்சியோரின் குரலே. ஏற்கெனவே ஒரே நலனுடையோர் கூடி ஒரே முடிவுக்கு வருவது அரிய செயலன்று.

இரண்டாவது, யுத்த காண்டத்து இராவணன் மந்திரப் படலம். அனுமனால் எரியுண்ட இலங்கை மீண்டும் எழுப்பப்பட்டுவிட்டது. இராவணன் அவை கூட்டுகின்றான். ஆலோசனை தொடங்குமுன் அவன் செய்யும் முதற் காரியம் ஆட்களை வெளியேற்றுவதே. முனிவர், தேவர், மகளிர் முதலியோர் செல்கின்றனர். கேள்வி வல்லோராயினும், வீரராயினும், நண்பராயினும், மக்களும் தம்பியரும் போன்ற நெருங்கிய சுற்றத்தார் அல்லாதோர் அனைவரும் புறத்தே போக்கப்படுகின்றனர். வண்டும் காற்றும்கூட உள்ளே வாராதவாறு காவல் அமைகின்றது. மந்திரம் மறைவாக நடத்தல் வேண்டுமென்பது அரசநீதி நூல்கள் கூறுவதே. ஆயினும் கம்பர் காட்டுவது வெறும் மறைவன்று. அவை படிப்படியாகச் சுருங்கிக் குடும்பமாகிவிடுவது. அவ்வாறு சுருக்கப்பட்ட அவையிலிருந்தும் மாற்றுக் குரல் எழுந்தது என்பதே இப்படலத்தின் உயிர்.

படைத்தலைவர்கள் ஒருவர்பின் ஒருவராக எழுந்து வீரம் பேசுகின்றனர். ஒவ்வொருவரும் முன்னவரை விஞ்ச முயல்வதன்றிப் புதிதாக எதையும் கூறுவதில்லை. ‘இக்குரங்கையும் மனிதரையும் நான் ஒருவனே தின்று முடிப்பேன்’ என்ற ஒரே பேச்சின் வேறுபாடுகளே அவை. இப்பகுதியைச் சுவையற்ற நீட்சியெனக் குறைகூறுவோர் உளர். நாம் அவ்வாறு கருதவில்லை. கூட்டங்களிற் பழகியோர் இந்நீட்சியை உடனே இனங்கண்டு கொள்வர். தலைவனின் விருப்பம் தெரிந்துவிட்டபின் நடைபெறும் பேச்சு, ஆலோசனைபோலத் தோன்றும் போட்டியன்றி வேறன்று.

கும்பகருணன் எழுந்தபோதுதான் அவையில் முதன்முறையாகச் சிந்தனை நுழைகின்றது. பிறன் மனைவியைச் சிறைவைத்துக்கொண்டு மானம் பற்றிப் பேசுவது எத்தகையது என அண்ணனின் முகத்துக்கு நேரே வினவுகின்றான். ஆனால் அவன் உரை அத்துடன் முடியவில்லை. செய்தது செய்தாகிவிட்டது, இனி அவளை விடுவது இழிவாகும், பகைவர் வருமுன் நாமே சென்று தாக்குவோம் என்று முடிக்கின்றான். இராவணன் மகிழ்ந்து, தன் கருத்தும் அதுவே என்கின்றான். இங்கு நிகழ்வதை நுணுகி நோக்குதல் வேண்டும். கண்டனம் முன்னுரையாகவும் போர் முடிவுரையாகவும் அமைந்த ஓர் உரையில், முன்னுரையை அவை கேளாதது போல் விட்டுவிட்டு முடிவுரையை மட்டும் எடுத்துக்கொண்டது. மாறுபட்டவனது உரையின் பாதியே ஒருமைப்பாட்டுக்குச் சான்றாக்கப்பட்டது. எதிர்ப்பை அடக்குவதிலும் இது நுட்பமான முறை.

வீடணன் அத்தகைய பாதியைத் தரவில்லை. தான் ஒருவனே சென்று வென்று வருவதாகக் கூறிய இந்திரசித்தை, பக்குவமறியாத பிள்ளையெனக் கடிந்து, சீதையை விடுவதே வழியென நேர்படக் கூறுகின்றான். பயன்படுத்திக்கொள்ளத்தக்க சொல் எதுவும் அவன் உரையில் இல்லை. ஆதலின் அவனை வெளியேற்றுவதன்றி இராவணனுக்கு வேறு வழியிருக்கவில்லை. அவன் சென்றபின் இலங்கையில் ஒருமைப்பாடு முழுமையெய்தியது.

மூன்றாவது ஆலோசனை கடற்கரையில் நிகழ்வது. அடைக்கலம் நாடிவந்த வீடணனை ஏற்பதா, மறுப்பதா? இராமன் அருகிருந்தோரை வினவுகின்றான். போர் மூளுமுன் தமையனைத் துறந்து வந்தவனை எவ்வாறு நம்புவது எனச் சுக்கிரீவன் கேட்கின்றான். (வாலியின் தம்பி இதனைக் கேட்பதிலுள்ள முரணைக் கம்பர் எவ்விதக் குறிப்புமின்றி விட்டுச் செல்வது அவரது கலைத்திறன்.) சாம்பவனும் நீலனும் மறுக்கின்றனர். ஏனையோரும் அவ்வாறே. வான்மீகியின் நூலில் இக்கட்டம் வேறுவிதமாக அமைந்துள்ளது. அங்கு அங்கதன் ஆராய்ந்து ஏற்கலாம் என்பான்; சரபன் ஒற்றரை அனுப்பச் சொல்வான்; மயிந்தன் அவனையே வினவி அறியலாம் என்பான். அதாவது கருத்துகள் பலவாறு சிதறிக் கிடக்கின்றன. கம்பர் இச்சிதறலை நீக்கி, எதிர்ப்பை ஒரே குரலாக்கினார். அவ்வாறு ஆக்கியபின், எல்லோரும் ஒன்றாகவே கூறிவிட்டனர், நின் கருத்து யாது என இராமனை அனுமனை நோக்கி வினவச் செய்தார். இவ்வொரு வினாவே இரு அவைகளுக்குமிடையிலான வேறுபாடு. ஒருமைப்பாடு ஏற்பட்டவுடன் இராவணன் ஆலோசனையை முடித்தான். இராமனோ அதன் பின்னரே இதுவரை பேசாதவனைத் தேடினான்.

அனுமனின் விடை ஆராயத்தக்கது. மூத்தோர் தேர்ந்து கூறியபின் பேசுவதற்குத் தயங்கும் பணிவுடனேயே அவன் தொடங்குகின்றான். பின் தான் இலங்கையிற் கண்டவற்றைக் கூறுகின்றான். தூதரைக் கொல்லலாகாது என வீடணன் தடுத்தமை, அவன் மனையில் ஊனும் கள்ளும் இல்லாமை, அவன் மகள் திரிசடை சீதைக்கு ஆறுதலாயிருந்தமை ஆகியன அவை. ஏனையோரின் வாதம் வீடணனது பிறப்பையும் அவன் வந்த வேளையையும் பற்றியது. அரக்கன் ஆதலின் இத்தகையனாயிருப்பான் என்பது. அனுமனின் வாதம் அவனது ஒழுக்கத்தைப் பற்றியது. அவையில் இருந்தோருள் இலங்கைக்குச் சென்று வந்தவன் அவன் ஒருவனே. பலரின் ஒருமித்த கருத்து குலம் பற்றிய ஊகத்தின்மீது நின்றது. தனியொருவனின் மாற்றுக் கருத்து அனுபவத்தின்மீது நின்றது. குலத்தால் மனிதரை மதிப்பிடும் ஒரு சமுதாயத்தில் வாழ்ந்த புலவர் இதனைப் பாடினார் என்பது சாதாரண விடயமன்று.

எனினும் இராமனது அவையை மக்களாட்சியின் மாதிரியாகக் கொள்வோருக்கு ஒன்று கூறவேண்டும். அங்கும் தீர்மானித்தது அவையன்று. இராமன் அனுமனின் சான்றுகளைப் பாராட்டுகின்றான். ஆனால் அவற்றின்மீது தன் முடிவை நிறுத்தவில்லை. வென்றாலும் தோற்றாலும், வாழ்ந்தாலும் மாண்டாலும் அடைக்கலமெனக் கூறி வந்தவனை ஏற்றலே அறம் என்கின்றான். அவையில் விவாதிக்கப்பட்டது வந்தவன் யார் என்பது. தலைவன் விடையளித்ததோ நாம் யார் என்ற வினாவுக்கு. சுக்கிரீவனின் ஐயம் தீர்க்கப்படவில்லை, தேவையற்றதாக்கப்பட்டது. முடிவு உயர்ந்ததாயினும் முடிவெடுக்கும் உரிமை இலங்கையிற்போலவே ஒருவனிடமே இருந்தது. கருத்துக் கூறும் உரிமையை நிலமானிய அவை வழங்கும்; இசைவளிக்கும் உரிமையை அது வழங்குவதில்லை.

கம்பர் கால உலகில் உண்மையாக இயங்கிய அவைகள் இதனை உறுதிசெய்கின்றன. உத்தரமேரூரின் புகழ்பெற்ற இரு தீர்மானங்கள் முதலாம் பராந்தகனின் 12ஆம், 14ஆம் ஆட்சியாண்டுகளுக்கு, அதாவது 919, 921ஆம் ஆண்டுகளுக்கு உரியன. ஊர் முப்பது குடும்புகளாகப் பிரிக்கப்பட்டது. பெயர்கள் ஓலையில் எழுதிக் குடத்திலிடப்பட்டன. ஒரு சிறுவன் அவற்றை எடுத்தான். கணக்குக் காட்டாதோரும் அவர்தம் உறவினரும் விலக்கப்பட்டனர். இன்றும் வியக்கத்தக்க ஒழுங்கு என்பதில் ஐயமில்லை. ஆயினும் குடத்தில் பெயர் விழுவதற்குக் கால் வேலிக்கு மேற்பட்ட இறைநிலமும், சொந்த மனையில் வீடும், வேதக் கல்வியும் வேண்டியிருந்தன. 921ஆம் ஆண்டு விதிப்படி வயது முப்பத்தைந்துக்கும் எழுபதுக்கும் இடைப்பட்டதாயிருத்தல் வேண்டும். வேதத்தோடு பாடியமும் வல்லவனுக்கு அரைக்கால் வேலி போதும் என்ற சலுகையும் உண்டு. அரசனின் அதிகாரி உடனிருந்தே இவ்விதிகள் வகுக்கப்பட்டன. இராவணன் வாயிலில் நிறுத்தி வெளியேற்றியவர்களைப் பிரமதேயச் சபை கல்லிலேயே வெளியேற்றிவிட்டது. எஞ்சியோர் சமமானவர், சமமானவர்களுக்கிடையே வாதிட்டுத் தோற்பவர் எவருமின்றிப் பதவிகளைப் பகிரக் குடவோலை நல்ல வழி. ஏரியில் மண் சுமந்தோருக்கு ஏரி வாரியத்தில் ஓலை இல்லை.

வெளியே நிறுத்தப்பட்டோரும் கூடி முடிவெடுத்ததுண்டு. 1429ஆம் ஆண்டைச் சேர்ந்த கல்வெட்டுகள் சில, காவிரிப் பகுதியிலும் அதன் வடக்கிலும், ஒன்றோடொன்று பூசலிட்டு வந்த வலங்கை, இடங்கைப் பிரிவினர் ஒன்றுகூடி, விசயநகர அதிகாரிகளதும் அவர்களுடன் நின்ற பிராமண, வேளாள நிலவுடைமையாளரதும் கொடிய வரிகளுக்கு இணங்குவதில்லையெனத் தீர்மானித்ததைத் தெரிவிக்கின்றன. நொபொரு கராஷிமா இவற்றை ஆராய்ந்து எழுதியுள்ளார். வேறுபட்ட நலன்களுடையோர் ஒரு பொதுத் தேவையின்பொருட்டு எய்திய இசைவு என்ற வகையில், அயோத்தியின் அறுபதினாயிரவரினும் இது எமக்குப் பெறுமதி மிக்கது. இதனைப் பாடிய காப்பியம் எதுவும் எமக்குக் கிடைக்கவில்லை.

இவற்றையெல்லாம் நாம் தொல்பொருளாகக் கருதி எழுதவில்லை. நாம் அறிந்த ஒரு சங்கத்தின் கூட்டக் குறிப்பேட்டில் ‘ஏகமனதாகத் தீர்மானிக்கப்பட்டது’ என்னும் தொடர் பக்கத்துக்குப் பக்கம் வருகின்றது. ஒரு தீர்மானத்தின்போது இரு பெண் உறுப்பினர் எழுந்து சென்றதை நாமே கண்டோம். குறிப்பேட்டில் அன்றும் ஏகமனதே. அறுபதுகளின் முற்பகுதியில் இலங்கை இடதுசாரி இயக்கம் மொஸ்கோ சார்பு, பீக்கிங் சார்பு எனப் பிளவுண்டபோது எழுந்த வாதங்களைப் படிப்போர், இரு தரப்பாரும் மற்றவரை வீடணர் என்று ஏசியிருக்கக்கூடிய சூழலை உணர்வர். ஆனால் சிறுபான்மை பெரும்பான்மைக்குக் கட்டுப்படல் வேண்டும் என்ற அமைப்புநெறியின் துயரத்தை அறிய விரும்புவோர் வீடணனையன்று, கும்பகருணனையே பயிலல் வேண்டும்.

அவன் மாறுபட்டான், ஆயினும் பிரிந்து செல்லவில்லை. துயிலெழுப்பிப் போருக்கு அனுப்பப்படும் வேளையிலும், சீதையின் துயர் இன்னும் தீரவில்லையா எனக் கேட்டு, அவளை விடுமாறு மீண்டும் கூறுகின்றான். அறிவுரை கேட்க உன்னை அழைக்கவில்லை என இராவணன் சினக்கின்றான். தான் இறந்துபட்டால் அப்போதாவது அவளை விட்டுவிடுமாறு வேண்டிக்கொண்டு அவன் களஞ் செல்கின்றான். பின்னர், அன்று அவையில் வீடணனால் பிள்ளையெனக் கடியப்பட்ட இந்திரசித்தும் தன் இறுதிப் போருக்குமுன் சீதைமீதுள்ள ஆசையை விடுமாறு தந்தையை வேண்டுகின்றான். வெளியேற்றப்பட்ட கருத்து இவ்வாறு இலங்கையில் ஒவ்வொருவராக ஆதரவு பெற்று வந்தது. அவர்கள் அனைவரும் ஒரே அவையிற் கூடியிருந்த நாளிலன்று.