நாடக வாத்தியார் சங்கரதாஸ் சுவாமிகள்: ஒரு மதிப்பீடு

சங்கரதாஸ் சுவாமிகள் (செப்டம்பர் 7, 1867 – நவம்பர் 13, 1922) தமிழ் நாடக நடிகர், நாடகாசிரியர், நடிகர்களைப் பயிற்றுவித்த ஆசிரியர். 'தமிழ் நாடகத் தலைமையாசிரியர்' என்று போற்றப்படுபவர். பாடநூல்களில் இவரைப் பற்றி வரும் பத்தி பெரும்பாலும் ஒரே அச்சில் வார்த்ததாக இருக்கும். பம்மல் சம்பந்த முதலியார் நாடகத் தந்தை, சுவாமிகள் தலைமையாசிரியர், எழுதிய நாடகங்கள் இத்தனை என்பதோடு அது முடிந்துவிடும். அந்த எண்ணிக்கையிலும் ஒற்றுமை இல்லை; 40 என்பாரும் உண்டு, 68 என்பாரும் உண்டு.

பட்டத்தை மனப்பாடம் செய்யும் மாணவர்கள் அதிலுள்ள 'ஆசிரியர்' என்னும் சொல்லை ஒரு மரியாதைச் சொல்லாக எண்ணிக் கடந்துவிடுகிறார்கள். உண்மையில் அது அவர் பார்த்த வேலையின் பெயர். நாடகக் கம்பெனிகளில் கதை அமைத்து, பாட்டும் வசனமும் எழுதி, மெட்டுச் சொல்லி, வேடம் பிரித்துக் கொடுத்து, பாடம் கேட்டு, ஒத்திகை நடத்தி, நாடகத்தை மேடையேற்றி முடிப்பவருக்கு 'வாத்தியார்' என்று பெயர். இயக்குநர் என்ற சொல் அப்போது மேடைக்கு வரவில்லை. சுவாமிகளின் நாடகப் பிரதிகளை இலக்கியமாக மட்டும் எடுத்துப் படிப்பவர்கள் பல இடங்களில் சலிப்படைவார்கள். கற்பிப்பதற்காக ஒருவர் எழுதிய பாடங்களாக அவற்றைப் படித்தால் சலிப்புத் தந்த பகுதிகளுக்கும் காரணம் புலப்படும்.

இளமையும் மேடை நுழைவும்

தூத்துக்குடியை அடுத்த காட்டுநாயக்கன்பட்டியில் தாமோதரக் கணக்கப்பிள்ளைக்கும் பேச்சியம்மாளுக்கும் பிறந்தவர். இயற்பெயர் சங்கரன். தந்தையே முதல் ஆசிரியர். பின்னர் பழனி தண்டபாணி சுவாமிகளிடம் தமிழ் கற்று, இளம் வயதிலேயே வெண்பாவும் கலித்துறையும் எழுதினார். உப்புப் பண்டகசாலையில் சில காலம் கணக்கு எழுதிய பிறகு 24-ஆம் வயதில் நாடகத்துக்கு வந்தார்.

அது 1891-ஆம் ஆண்டு. அதே ஆண்டில்தான் சென்னையில் பம்மல் சம்பந்த முதலியார் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். இரண்டு தொடக்கங்களும் ஒரே ஆண்டில் அமைந்தாலும் இரண்டும் வேறு உலகங்கள். சபையில் நடித்தவர்கள் படித்தவர்கள், வேறு உத்தியோகம் உள்ளவர்கள். நாடகம் அவர்களுக்கு ஆர்வம். சுவாமிகள் சேர்ந்த கம்பெனிகளில் டிக்கெட் விற்றால்தான் அடுப்பு எரியும். இந்த வேறுபாட்டைச் சொல்லாமல் இருவரையும் ஒரே தராசில் நிறுத்தி, ஒருவர் உரைநடையைக் கொண்டுவந்த புதுமையாளர், மற்றவர் பாட்டை விடாத பழமையாளர் என்று எழுதுவது சுவாமிகளுக்கு நியாயம் செய்வதாகாது.

நடிகர்

சுவாமிகள் நடிகராக இருந்த காலம் நீண்டதன்று. இரணியன், இராவணன், எமன், சனீஸ்வரன் போன்ற உக்கிரமான வேடங்களே அவருக்குப் பெயர் தந்தவை. சாவித்திரி நாடகத்தில் அவர் எமனாக வந்து போட்ட அதட்டலில் சபையிலிருந்த கர்ப்பிணி ஒருத்திக்குக் கரு கலைந்தது என்பார்கள். சனீஸ்வரன் வேடத்தைக் கலைக்க விடியற்காலையில் நீர்நிலைக்குச் சென்றபோது எதிரே வந்த பெண் ஒருத்தி கண்டு அஞ்சி உயிர்விட்டாள் என்பார்கள். அதனால் மனம் வெறுத்து வேடம் கட்டுவதை விட்டார் என்று கதை முடியும். இவை நாடகக்காரர்கள் வழிவழியாகச் சொல்லிவரும் கதைகள். மேடைத் திறமையைப் பாராட்ட அக்காலம் கையாண்ட முறை என்று இவற்றைக் கொள்வதே பொருத்தம். அவர் வேடத்தைவிட்டு விலகிய பிறகும் மேடையைவிட்டு விலகவில்லை என்பதே இங்கு முக்கியம். சூத்திரதாரராகவும் வாத்தியாராகவும் பல கம்பெனிகளில் இருந்தார். இடையில் துறவு மனம் கொண்டு தலயாத்திரை சென்றார். 'சுவாமிகள்' என்ற பெயர் அதன்பின் நிலைத்தது.

யாத்திரை முடிந்து புதுக்கோட்டைக்கு வந்தவரைக் கஞ்சிரா மேதை மான்பூண்டியாப் பிள்ளை தம் பிள்ளையாகவே ஏற்றுக்கொண்டார். சுவாமிகளின் பாடல்களில் சந்தமும் தாளக்கட்டும் வலுவாக இருப்பதற்கு இந்தத் தொடர்பும் காரணம். ஏட்டில் கற்ற யாப்பு அங்கே கையில் விழும் தாளத்தோடு சேர்ந்தது.

பாடம் என்னும் பிரதி

அவர் வந்த காலத்தில் நாடகங்களுக்குப் பாட்டு இருந்தது. வசனம் பெரும்பாலும் நடிகர் வாயில் வந்ததுதான். கதை தெரியும், பாட்டு தெரியும், இடையில் பேச்சை அன்றைக்குத் தோன்றியபடி பேசிக்கொள்ளலாம். திறமையுள்ள நடிகருக்கு இது சௌகரியம். மற்றவர்களுக்கு ஆபத்து. எதிரே நிற்பவரை மடக்குவதற்காகக் கதையை விட்டு வெளியே போய்க் கேள்வி கேட்பதும், பதில் சொல்லத் தெரியாதவர் சபையில் அவமானப்படுவதும் வழக்கமாக இருந்தன.

சுவாமிகள் பாட்டையும் வசனத்தையும் சேர்த்தே எழுதி, இன்னார் பேசிய பின் இன்னார் என்று வரையறுத்தார். வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன், சத்தியவான் சாவித்திரி, அல்லி அர்ஜுனா, பிரகலாதன், சிறுத்தொண்டர், லவகுசா, நல்லதங்காள், சதி அனுசூயா என்று கதைகள் பெரும்பாலும் மக்கள் முன்பே அறிந்தவை. மிருச்சகடிகமும் ஷேக்ஸ்பியரின் சிம்பலைனும் அவர் கையில் தமிழ் நாடகமாயின.

இப்பிரதிகளின் அமைப்பைக் கவனித்தால் ஒன்று தெரியும். பாத்திரம் மேடைக்கு வந்ததும் தன்னை அறிமுகம் செய்து ஒரு பாட்டு. பின் ஒரு விருத்தம். அதே கருத்தைச் சொல்லும் வசனம். எதிர்ப்பாத்திரத்தின் பதில் மறுபடி பாட்டில். ஒரே செய்தி இரண்டு மூன்று முறை வருகிறது. வாசகருக்கு இது கூறியது கூறல். மேடையில் நிற்கும் பத்து வயதுச் சிறுவனுக்கு இது பிடிமானம். வசனம் மறந்தால் விருத்தத்தைப் பிடித்துக்கொண்டு தொடரலாம். எதுகை மோனை அடுத்த அடியை எடுத்துக் கொடுக்கும். எழுத்துக்கூட்டிப் படிக்கவே திணறும் பையனும் காதால் கேட்டு நான்கு மணி நேர நாடகத்தை மனத்தில் ஏற்றிக்கொள்ள முடிந்தது இதனால்தான். ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்கும் கதை போய்ச் சேர வேண்டியிருந்தது என்பதையும் சேர்த்து எண்ண வேண்டும்.

அபிமன்யு சுந்தரி நாடகத்தைச் சுவாமிகள் ஒரே இரவில் எழுதி முடித்ததாக அவ்வை தி.க. சண்முகம் 'எனது நாடக வாழ்க்கை' நூலில் பதிவு செய்திருக்கிறார். அதை வியப்புச் செய்தியாக மட்டும் எடுத்துச் சொல்வார்கள். அந்த அபிமன்யு வேடம் சிறுவன் சண்முகத்துக்காக எழுதப்பட்டது என்பது அதனினும் கவனிக்கத்தக்கது. பையனின் குரல் எதுவரை போகும், எந்தச் சொல் அவன் நாவில் தெளிவாக விழும் என்பதை அறிந்த ஒருவர் அவனுக்கென்றே எழுதியிருக்கிறார்.

பாலர் சபை

1910-ஆம் ஆண்டு சுவாமிகள் சமரச சன்மார்க்க நாடக சபையைத் தொடங்கினார். பின்னாளில் இசையால் தமிழகத்தையே ஈர்த்த எஸ்.ஜி. கிட்டப்பா சிறுவனாக இருந்து பயின்றது இங்குதான். 1918-இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபைக்கு ஆசிரியரானார். டி.கே.எஸ். சகோதரர்கள் அதில் சேர்ந்தபோது சண்முகத்துக்கு வயது ஆறு.

பெரியவர்களை விட்டுச் சிறுவர்களிடம் வந்ததற்குக் காரணம் ஒழுங்கு. பெரிய நடிகர்கள் நேரத்துக்கு வருவதில்லை, குடிப்பழக்கம் உண்டு, எழுதிக்கொடுத்ததைப் பேசுவதில்லை. சிறுவர்கள் சொன்னபடி செய்வார்கள். கம்பெனி வீட்டிலேயே தங்கி, அங்கேயே உண்டு, பாடமும் பாட்டும் பயின்று, இரவில் நடித்தார்கள். சுவாமிகள் கோபக்காரர் என்று பெயரெடுத்தவர். உச்சரிப்பில் பிழை வந்தால் பொறுக்கமாட்டார். லகர ளகர ழகரம் பிசகாமல் பேசும் ஒரு நடிகர் தலைமுறை தமிழுக்குக் கிடைத்தது இந்தக் கண்டிப்பினால். பின்வந்த பாலர் கம்பெனிகளும் இதே முறையைப் பின்பற்றின. மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியில் எம்.ஜி.ஆர். பயின்றார், டி.கே.எஸ். குழுவில் என்.எஸ். கிருஷ்ணன் வளர்ந்தார். பேசும் படம் வந்தபோது தமிழைத் தெளிவாகப் பேசவும் பாடவும் தெரிந்தவர்களைத் தேடி வேறெங்கும் போக வேண்டியிருக்கவில்லை.

இந்தப் பெருமையைச் சொல்பவர்கள் அதன் விலையைச் சொல்வது அரிது. ஆறு வயதில் வீட்டைப் பிரிந்த பிள்ளைகள் அவர்கள். இரவெல்லாம் கண்விழிக்க வேண்டும், அடியும் உண்டு, பள்ளிக்கூடம் கிடையாது. கணக்கும் பூகோளமும் சொல்லிக்கொடுக்க அங்கே ஆள் இல்லை. அதைவிடக் கொடுமை மகரக்கட்டு. பதின்மூன்று, பதினான்கு வயதில் குரல் உடைந்ததும் நேற்றுவரை கொட்டகையை நிறைத்த பையன் இன்று கூட்டத்தில் ஒருவனாக நிற்பான். தேறி வந்தவர்களின் பெயர்களே வரலாற்றில் இருக்கின்றன. குரல் திரும்பாதவர்கள் கதை எழுதப்படவில்லை. சுவாமிகள் உருவாக்கிய பயிற்சிமுறை, பயிலும் பிள்ளையைவிட அன்றைய நாடகத்துக்கே பொறுப்புடையதாக இருந்தது. இது அவர் ஒருவரின் குற்றமன்று. டிக்கெட்டை நம்பிய தொழிலின் தன்மை. ஆனாலும் குருகுலம் என்ற அழகான சொல்லால் இதை மூடிவிட முடியாது.

சொல்லின் வலிமையும் அதன் எல்லையும்

கோவலன் நாடகத்தில், மதுரைக்குப் போகும் கணவனைத் தடுக்கும் கண்ணகி அந்நகரை மாபாவிகள் கூடி வாழும் ஊர் என்று பாடுகிறாள். மதுரையில் இது நடந்தபோது சபையில் எதிர்ப்புக் கிளம்பியதாம். சுவாமிகள் அச்சொல்லைப் பிரித்து, 'மா' திருமகள், 'பா' கலைமகள், 'வி' மலைமகள், மூவரும் கூடி வாழும் ஊர் என்றே பொருள் என்று விளக்கியதும் எதிர்த்தவர்களே கைதட்டினார்கள் என்று கூறுவர்.

சிலேடையாக இது வெகு நேர்த்தி. நாடகமாக யோசித்தால் இடறுகிறது. கணவன் அங்கே கொலையுண்ணப் போகிறான் என்று உள்மனம் நடுங்கும் ஒரு பெண், அதே மூச்சில் அந்த ஊரைத் தேவியர் மூவர் உறையும் இடமாகப் புகழ்வாளா? விளக்கத்தை ஏற்றால் கண்ணகியின் அச்சம் போய்விடும். சுவாமிகளின் பிரதிகளில் இந்த இழுபறி பல இடங்களில் உண்டு. புலவர் முன்னே வந்து நின்றுகொள்வதால் பாத்திரம் பின்னுக்குப் போகிறது. துயரத்தின் நடுவே நீதி சொல்லத் தொடங்குவதும் அவருடைய வழக்கம். தத்துவ மீனலோசனி என்று சபைக்கே பெயர் வைத்த காலம் அது என்று சமாதானம் சொல்லலாம், குறை குறைதான்.

பெண் பாத்திரங்களைப் பற்றியும் ஒரு சொல். சாவித்திரி, அனுசூயா, சுலோசனா என்று கற்பின் பெருமை பேசும் கதைகள் மிகுதி. ஆனால் வாதம் வரும் இடங்களில் அவர் பெண்ணுக்கு வலுவான சொற்களைக் கொடுத்துவிடுகிறார். அல்லி ஆணைப் பொருட்படுத்தாமல் ஆள்கிறாள். தினைப்புனத்தில் வேடனாக வரும் முருகனுக்கு வள்ளி சளைக்காமல் பதில் சொல்கிறாள். கடவுள் என்று அறிந்த சபை, அவர் ஒரு குறத்தியிடம் மடங்கி நிற்பதை ரசித்தது.

ஸ்பெஷல் நாடகம்

வாதத்தில் அவர் காட்டிய இந்தத் திறமைதான் இன்றும் மேடையில் இருக்கிறது. பாலர் சபைகள் மறைந்துவிட்டன. 1921-இல் பக்கவாதம் தாக்கிப் பேச்சும் கைகால்களும் முடங்கிய நிலையிலும் சுவாமிகள் தம் குழுவோடு இருந்தார். மறு ஆண்டு புதுச்சேரியில் காலமானார். டி.கே.எஸ். சகோதரர்கள் 1925-இல் சொந்தக் குழு தொடங்கி, காலப்போக்கில் சமூக நாடகங்களுக்கு நகர்ந்தார்கள்.

ஆனால் மதுரை, புதுக்கோட்டை, திண்டுக்கல் வட்டாரங்களில் கோயில் திருவிழாக்களில் விடிய விடிய நடக்கும் ஸ்பெஷல் நாடகம் இன்றும் அவருடைய வள்ளி திருமணத்தை நம்பியே நடக்கிறது. இதன் நடைமுறை வேடிக்கையானது. குழு என்று ஒன்று கிடையாது. ராஜபார்ட் ஓர் ஊர், ஸ்திரீபார்ட் வேறோர் ஊர், பபூன் மூன்றாவது ஊர். ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பேசி ஒப்பந்தம் செய்கிறார்கள். ஒத்திகை கிடையாது, ஒருவரையொருவர் முதல்முறை அன்றிரவுதான் பார்க்கிறார்கள் என்றாலும் ஆச்சரியமில்லை. ஆர்மோனியம் சுதி பிடித்ததும் நாடகம் தொடங்கிவிடுகிறது. எல்லோரும் படித்திருப்பது ஒரே பாடம் என்பதால் இது நடக்கிறது.

நடிகர்களின் வாய்க்குக் கடிவாளம் போட எழுதிய பிரதிகள் அவை. அந்தக் கட்டு எல்லோருக்கும் பொதுவாகிவிட்டதால், அதன்மேல் நின்று நாரதரும் வள்ளியும் மணிக்கணக்கில் தர்க்கம் செய்கிறார்கள். பபூன் அன்றைய ஊர்ச் செய்திவரை இழுத்து வருகிறார். சுவாமிகள் தடுக்க நினைத்த கேள்விகளும் மடக்கல்களும் அவருடைய பாடத்துக்குள்ளேயே குடியேறிவிட்டன. பிற்கால நடிகர்கள் சேர்த்த பாட்டு எது, சுவாமிகள் எழுதியது எது என்று பிரிப்பதும் பல இடங்களில் கடினம். அச்சில் கிடைப்பது அவர் எழுதியதில் ஒரு பகுதியே என்பதால் இந்தச் சிக்கல் கூடுகிறது. நம்பகமான பதிப்பு வேண்டும் என்று கேட்கும் ஆய்வாளர்கள் நூலகத்தோடு நிற்காமல், நாடகம் முடிந்து வேடம் கலைக்கும் அந்த நடிகர்களிடமும் ஒருமுறை பாடம் கேட்க வேண்டும். ஆண்டுதோறும் சுவாமிகளுக்குக் குருபூஜை நடத்துபவர்கள் அவர்கள்தான்; நேரில் பார்த்திராத அவரை இன்றும் தங்கள் வாத்தியார் என்றே அவர்கள் சொல்கிறார்கள்.