சூடு ஆறுமுன்

ஜப்பானிய உணவுப் பண்பாடு என்றதும் பலரும் கொண்டாடும் படம் இதாமி ஜூஸோவின் 'தம்போப்போ' (1985). ரமென் நூடுல்ஸைத் தேர்ந்த ரசிகர் எப்படி உண்ண வேண்டும் என்று பாடம் நடத்துகிற நகைச்சுவைப் படம். ஆனால் என்னை விடாமல் துரத்துவது, மையக் கதைக்குத் தொடர்பில்லாமல் நடுவில் வந்துபோகும் ஒரு காட்சி.

சாகக் கிடக்கிறாள் ஒரு தாய். அருகில் மருத்துவர், செவிலி, பிள்ளைகள். ஓடிவந்த கணவன் அவளை எழுந்து சமைக்கச் சொல்கிறான். எழுகிறாள். சோற்றை வறுத்துக் கொண்டுவந்து வைக்கிறாள். அவர்கள் உண்பதைப் பார்த்துப் புன்னகைத்தபடியே சரிந்து இறக்கிறாள். அம்மாவின் கடைசிச் சமையல், சூடு ஆறுமுன் சாப்பிடுங்கள் என்று அழுதுகொண்டே பிள்ளைகளை அதட்டுகிறான் தகப்பன். அந்தச் சோற்றில் அவள் ஒரு வாய்கூட உண்ணவில்லை.

இதைக் கேலி என்றே நான் எடுத்துக்கொள்கிறேன். ஆனால், சமையல் பெண்ணின் மூச்சோடு கலந்த கடமை என்று பார்ப்பவர் முன்பே நம்பியிருந்தால்தான் இந்தக் கேலி எடுபடும். அந்த நம்பிக்கை எளிதில் கிடைத்தது. 1975இல், சர்வதேசப் பெண்கள் ஆண்டில், ஹவுஸ் நிறுவனத்தின் உடனடி ரமென் விளம்பரத்தில் பெண் தன்னைச் சமைப்பவள் என்றாள். ஆண் தன்னைச் சாப்பிடுபவன் என்றான். ஜப்பானியப் பெண்கள் எதிர்த்தார்கள்; அந்த ஆண்டே விளம்பரம் நிறுத்தப்பட்டது.

படத்தின் நாயகி தம்போப்போ, கணவனை இழந்தபின் ரமென் கடையை நடத்துபவள். அவளுக்குத் தொழில் கற்றுத்தர லாரி ஓட்டுநர் கோரோ முதலாக ஐந்து ஆண்கள் வருகிறார்கள். அவர்கள் கிண்ணத்தைத் துளி மிச்சமில்லாமல் குடித்து வைத்தால்தான் அவள் தேர்ச்சி பெற்றவள். சாகக் கிடந்தவளுக்கு ஆசானும் இல்லை, தேர்வும் இல்லை. வீட்டில் சமைத்தால் அது பெண்ணின் இயல்பு. காசு வந்தால் அது கலை, அதற்கு நீதிபதிகள் ஆண்கள். ஒரே படம் இரண்டையும் அருகருகே வைத்திருக்கிறது.

தம்போப்போவின் பிடிவாதத்தை நான் குறைத்து மதிப்பிடவில்லை. கற்றுத்தரும்படி கேட்டவள் அவள்தான். கடைசியில் கடை அவள் பெயரில் நிற்கிறது. படமோ ஒரு தாய் குழந்தைக்குப் பாலூட்டுவதில் முடிகிறது. உணவின் தொடக்கம் பெண்ணுடல் என்று அதைப் புகழலாம். எனக்கு அங்கே வேலைநேரம்தான் தெரிகிறது: முலைப்பாலில் தொடங்கி மரணப்படுக்கை வரை.

2013இல் ஜப்பானிய உணவு மரபான 'வஷோகு' யுனெஸ்கோ பட்டியலில் ஏறியது. மரபைப் போற்றும் எந்த மேடையிலும் நான் கேட்க விரும்பும் கேள்வி ஒன்றுதான்: சமைத்தவள் சாப்பிட்டாளா?